ரோக்கியா கொனேயும் ஜாக்நைஃப் லீயும்: 'பமனான்' நெடுநாள் கேட்டபின்

'பமனான்' ஆல்பத்தில் முதலில் என்னை ஆட்டிவைத்த பாட்டுகளைத்தான் இப்போது அதிகம் தாண்டிவிடுகிறேன். எப்போது முடியும் என்று அன்று காத்திருந்த மெதுவான பாட்டுகள் நிலைத்துவிட்டன. 2022 பிப்ரவரியில் வெளிவந்த காலத்திலிருந்து கேட்டுவருகிறேன். புதுமையின் மினுக்கம் போனபின் இதில் எது மிஞ்சுகிறது என்பதை எழுதிவைக்கலாம் என்று தோன்றியது.

அறியாதவர்களுக்குச் சுருக்கமாக: பாடுபவர் மாலி நாட்டின் ரோக்கியா கொனே. தலைநகர் பமாக்கோவின் மேடைகளில் பாடிப் பெயரெடுத்தவர். 'பமாக்கோவின் ரோஜா' என்று அவரைச் சொல்வார்கள். ஆப்பிரிக்கப் பெண் பாடகியர் பலர் சேர்ந்த 'லே அமசோன் தஃப்ரீக்' குழுவின் வழியாக வெளிநாடுகளில் அறிமுகமானார். மின்னணு இசையைச் சேர்த்தவர் அயர்லாந்துக்காரரான ஜாக்நைஃப் லீ. யூ2, ஆர்.இ.எம். போன்ற பெரிய ராக் குழுக்களுக்குத் தயாரிப்பாளராக இருந்தவர், கலிபோர்னியாவில் வசிப்பவர். பமாக்கோவில் பதிவான குரலும் வாத்தியங்களும் அவரிடம் போய்ச்சேர, அவர் அவற்றைச் சுற்றி இசை கட்டினார். அது பெருந்தொற்றுக் காலம். இருவரும் நேரில் சந்திக்காமலேயே ஆல்பம் முடிந்தது. பிரிட்டிஷ் ராக் பாடகர் பீட்டர் கேப்ரியல் 1989-இல் தொடங்கிய ரியல் வேர்ல்டு நிறுவனம் வெளியிட்டது.

இப்படிக் கடல் தாண்டிச் செய்த வேலை என்று தெரிந்ததும் எனக்குச் சந்தேகம் வந்தது உண்மை. மேற்கத்தியத் தயாரிப்பாளர் ஒருவர் ஆப்பிரிக்கக் குரலை எடுத்துத் தன் இயந்திரத்தாளத்தின் மேல் ஒட்டிவைக்கும் ஆல்பங்கள் எத்தனையோ வந்துவிட்டன. பாதிக்கு மேல் உணவு விடுதிகளில் பின்னணியாக ஓடத்தான் லாயக்கு. 'பமனான்' அந்தக் கூட்டத்தில் சேராததற்குக் காரணம், குரலை லீ அலங்காரப் பொருளாக்கவில்லை என்பதுதான். அவர் வெட்டித் துண்டாக்கித் திரும்பத் திரும்ப ஒலிக்கவிடுவதில்லை. ரோக்கியா மூச்செடுத்துத் தொடங்கி நினைத்த இடத்தில் முடிக்கிறார், இயந்திரம் காத்திருக்கிறது.

மாலியில் 'ஜெலி' எனப்படும் மரபுப் பாடகர் பழங்கதை சொல்லும்போது, பக்கத்திலிருக்கும் ஒருவர் வரிக்கு வரி 'நாமு' என்று ஆமோதிப்பார். நம் வில்லுப்பாட்டில் 'ஆமா' போடுபவர் செய்கிற வேலைதான். அவர் இல்லாவிட்டால் கதை தரையிறங்காது. இந்த ஆல்பம் நன்றாக அமைந்த இடங்களில் லீயின் சிந்தசைசர் என்னும் மின்னணு வாத்தியம் அந்த 'நாமு'வைச் சொல்கிறது. வரி முடிந்ததும் மெல்ல எழுந்து, அடுத்த வரி வருமுன் அடங்கிவிடுகிறது. சறுக்கிய இடங்களில், கதை சொல்பவரை முந்திக்கொண்டு தானே பேசத் தொடங்கிவிடுகிறது.

சறுக்கலுக்கு உதாரணம் 'குருன்பா'. ஒரு காலத்தில் விருந்தினர் யார் வந்தாலும் இதைத்தான் போட்டுக்காட்டினேன். நடன அரங்குக்கேற்ற தாளம், பெண்களின் கூட்டுக்குரல் பதில், நடுவே சீறிவரும் ரோக்கியா. பாட்டின் பொருளோ கசப்பானது: பிள்ளைகளை வளர்த்து ஆளாக்கியபின் கணவனால் ஒதுக்கிவைக்கப்படும் பெண்ணைப் பற்றியது. கொண்டாட்டத் தாளத்துக்குள் இப்படி ஒரு வழக்கை வைப்பது மேற்காப்பிரிக்க இசையில் புதிதல்ல. மாலிப் பாடகி ஊமூ சாங்காரே பலதார மணத்தை எதிர்த்துப் பாடிய பாட்டுகளுக்கும் மக்கள் ஆடத்தான் செய்தார்கள். ஆனால் இங்கே டிரம் மெஷினின் அடி பாட்டு முழுக்க ஒரே கனத்தில் விழுகிறது. கைத்தாளமாக இருந்தால் பாடகியின் கோபம் ஏறும்போது அதுவும் ஏறியிருக்கும். கேட்கக் கேட்க அந்த மாறாத அடிதான் காதில் நிற்கிறது, குரல் பின்னால் போய்விடுகிறது. 'மயூகூபா'வும் எனக்கு அப்படித்தான் ஆகிவிட்டது; உடம்பை அசைத்து ஆடுங்கள் என்று பெண்களை அழைக்கும் பாட்டு, கூடியிருக்கும்போது நன்றாக இருக்கிறது, தனியாகக் கேட்க ஒன்றுமில்லை.

'பம்பூகூ ந்ச்சி' நேர்மாறு. மாலியின் பம்பாரா மக்கள் நைஜர் ஆற்றங்கரையில் செகூவைத் தலைநகராகக் கொண்டு 18-ஆம் நூற்றாண்டிலிருந்து ஓர் அரசை நடத்தினார்கள். 1861-இல் மேற்காப்பிரிக்க இஸ்லாமியத் தலைவர் உமர் தாலின் படை அதை வீழ்த்தியது. அந்த அரசின் தியாரா வம்சத்தில் வந்த பம்பூகூ ந்ச்சியின் பெயரைச் சொல்லும் புகழ்ப்பாட்டு இது. ஆற்றங்கரையில் பிறந்த அவனுடைய மனைவி, காலையில் நீர்யானையின் குரல் கேட்காமல் எப்படி இருப்பேன் என்றாளாம். நைஜரிலிருந்து தன் ஊருக்குக் கால்வாய் வெட்டி நீர்யானையை வரவழைத்தான் என்று பாடகர்கள் சொல்கிறார்கள். கதை தெரியாமல் கேட்டபோதே குரலின் கம்பீரம் பிடித்திருந்தது. தெரிந்தபின், பெயர்களை ஒவ்வொன்றாக ரோக்கியா எடுத்துவைக்கும் விதத்தில் புகழ் மட்டுமின்றி ஒரு குறும்பும் இருப்பதாகத் தோன்றுகிறது. அது என் கற்பனையாகவும் இருக்கலாம். ஆயினும் பம்பாரா மொழி தெரியாதவர்களுக்கு நான் சொல்வது இதுதான்: பாட்டுகளைப் பற்றிய குறிப்புகளைத் தேடிப் படியுங்கள். படிக்காமல் கேட்டால் ஆல்பத்தில் பாதிதான் கிடைக்கும்.

கடைசிப் பாட்டான 'ந்யான்யான்' பற்றி நிறையச் சொல்லவேண்டும். 2020 ஆகஸ்டில் மாலியில் ராணுவம் அதிபர் இப்ராஹிம் பூபக்கர் கெய்த்தாவைப் பதவியிலிருந்து இறக்கியது. ஊரடங்கு நிலவிய அந்த நாட்களில், ஒரே மூச்சில், ஒரே முறை பாடிப் பதிவு செய்தது இந்தக் குரல். வாழ்வு நிலையில்லாதது என்று சொல்லும் பழம்பாட்டு. லீ இதில் ஏறக்குறைய ஒன்றுமே செய்யவில்லை. செய்யாமல் இருக்கத் தெரிந்ததற்காகவே அவரைப் பாராட்டலாம். மெல்லிய கீபோர்டு ஒலி ஒரு விரிப்பாகக் கிடக்கிறது, அதன்மேல் குரல் நடக்கிறது. ரோக்கியா குரலை உயர்த்தும் இடங்களில் அதன் ஓரம் சற்றுக் கரகரக்கும். ஸ்டூடியோவில் அதைச் சீவி வழவழப்பாக்குவது எளிது. யாரோ வேண்டாமென்று விட்டிருக்கிறார்கள்.

மாலிக் குரலும் மின்னணு இசையும் சேரும் இத்தகைய ஆல்பத்துக்கும் முன்னோடி உண்டு. 2000-களின் தொடக்கத்தில் பமாக்கோவின் மமானி கெய்த்தாவும் பிரான்சின் மார்க் மினெல்லியும் சேர்ந்து 'எலக்ட்ரோ பமாக்கோ' என்று ஓர் ஆல்பம் செய்தார்கள். ஜாஸ் துணுக்குகளும் சுழல்தாளங்களும் கலந்தது. மமானியின் குரல் இன்றும் அப்படியே இருக்கிறது. தாளங்களைக் கேட்டால் எந்த ஆண்டில் செய்தது என்று சொல்லிவிடலாம். 'பமனான்' ஆல்பத்தின் நடனப் பாட்டுகளுக்கும் அந்தக் கதி வரும் என்பது என் கணிப்பு. மெதுவான பாட்டுகளுக்கு வராது.

கேட்கும் கருவி பற்றியும் ஒரு வார்த்தை. மலிவான புளூடூத் ஸ்பீக்கரில் அடித்தாளம் வீங்கிக் கிதாரை விழுங்கிவிடுகிறது. முழுவதும் மின்னணு ஆல்பம் என்று நினைத்துவிடுவீர்கள். கைப்பேசியின் சொந்த ஒலிபெருக்கியில் கூட்டுக்குரல் தகரமாகிவிடுகிறது. காரில் பரவாயில்லை, எஞ்சின் சத்தத்தில் 'ந்யான்யான்' மட்டும் வீணாகும். சுமாரான ஹெட்ஃபோன் போதும், ஆனால் அதுவாவது வேண்டும்: குரலுக்குப் பின்னால் ஓடும் சின்னக் கிதார் அசைவுகள் அதில்தான் பிரிந்து கேட்கின்றன. ஆல்பத்தின் உயிரே அந்த அசைவுகளில் இருக்கிறது என்பேன்.

பத்துப் பாட்டுதான், நீளமும் அளவானது. துள்ளல் இசை மட்டும் வேண்டுமென்பவர்கள் 'குருன்பா'வை மட்டும் எடுத்துக்கொள்ளலாம். மற்றவர்கள் வரிசையாகவே கேளுங்கள். பாட்டுகளைக் கலைத்துப்போட்டுக் கேட்டால், நடனப் பாட்டு முடிந்த சூட்டோடு 'ந்யான்யான்' வந்து விழுந்து இரண்டுமே கெட்டுவிடும். பம்பாரா மரபிசையை அதற்கு முன் கேட்டிராதவர்கள், முதலில் இயந்திரம் சேராத மாலி இசை ஏதாவது ஒன்றைக் கேட்டுவிட்டு இதற்கு வருவது நல்லது. லீ எங்கே கைவைத்தார், எங்கே கையைக் கட்டிக்கொண்டார் என்பது அப்போதுதான் புலப்படும்.