கையில் ஹைகோர்ட் ஆர்டர், பட்டா மட்டும் வரவில்லை: நாகர்கோவில் வக்கீல் ஆபீஸ் ஒன்று

வக்கீல் பெயரைப் போட அவரிடம் இன்னும் கேட்கவில்லை, அதனால் போடவில்லை. நாகர்கோவில் கோர்ட்டுப் பக்கம், குறுகலான மாடிப்படி ஏறிப் போகிற ஆபீஸ். நாலு ஸ்டார்.

அப்பா பெயரில் இருந்த பட்டாவை எங்கள் பெயருக்கு மாற்ற அலைந்து அலைந்து, கடைசியில் மதுரை ஹைகோர்ட் கிளையில் ரிட் (அதிகாரிக்கு உத்தரவிடச் சொல்லிக் கேட்கும் வழக்கு) போட்டு, 12 வாரத்துக்குள் எங்கள் மனுவைப் பரிசீலித்து முடிவெடுக்க ஆர்டரும் வாங்கியாயிற்று. ஆறு மாதம் ஓடிவிட்டது. கேட்டால் 'ஃபைல் மேல போயிருக்கு'. கன்டெம்ப்ட், அதாவது கோர்ட் அவமதிப்பு வழக்குப் போட்டு, ஆர்டரை நிறைவேற்றாத அதிகாரியை உள்ளே தள்ளியே தீருவது என்றுதான் படியேறினேன்.

வக்கீல் என் கோபத்தைக் கண்டுகொள்ளவே இல்லை. "ஆர்டர் காப்பிய எப்படி கொடுத்தீங்க?" கையில்தான் என்றேன். "வாங்கிக்கிட்டதுக்கு அடையாளமா உங்க காப்பியில அந்த ஆபீஸ் தபால் செக்‌ஷன் சீல் இருக்கா?" இல்லை. பேனாவை மூடி வைத்துவிட்டார். அந்த 12 வாரம் காப்பி அவர்கள் கைக்குக் கிடைத்த நாளிலிருந்துதான் ஓடும், கிடைக்கவே இல்லை என்று சாதித்தால் நான் எதைக் காட்டுவேன்? சான்றிட்ட நகலைக் கடிதத்தோடு ஒப்புகை அட்டை வைத்துத் தபாலில் அனுப்புங்கள், மறுபடி 12 வாரம் பொறுங்கள், ஆனால் கெடு தாண்டியதிலிருந்து ஒரு வருஷத்துக்குள் வழக்குப் போட்டாக வேண்டும், மறந்துவிடாதீர்கள் என்று திருப்பி அனுப்பினார். ஃபீஸை வாங்கிக்கொண்டு அன்றைக்கே போட்டிருக்கலாம், போடவில்லை, அதற்கே இரண்டு ஸ்டார்.

இன்னொன்றும் சொன்னார், ரிட் போட்ட காலத்தில் யாரும் எனக்குச் சொல்லாதது. ஆர்டரில் 'பரிசீலிக்க' என்றுதான் இருக்கிறது, 'பட்டா கொடு' என்று இல்லை. காரணம் எழுதி நிராகரித்தாலும் ஆர்டரை நிறைவேற்றிய கணக்குதான், அப்புறம் அதை எதிர்த்துத் தனியாகப் போக வேண்டும். 1971 கோர்ட் அவமதிப்புச் சட்டப்படி தண்டனையே அதிகபட்சம் ஆறு மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம், மன்னிப்பு கோர்ட்டுக்குத் திருப்தியாக இருந்தால் அதுவும் இல்லை. "நமக்கு வேண்டியது பட்டாதானே சார்?"

12 வாரம் முடிந்து, வக்கீல் நோட்டீஸுக்கும் பதில் இல்லாமல், பிறகுதான் வழக்குப் போட்டார். வர வேண்டாம் என்று அவர் சொல்லியும் கேட்காமல் வடசேரியில் ராத்திரி பஸ் பிடித்து மதுரை போனேன். அரசு வக்கீல் இரண்டு வாரம் அவகாசம் கேட்டார், கொடுத்தார்கள், இரண்டு நிமிஷம்கூட ஆகவில்லை. அடுத்த வாய்தாவுக்கு முந்தின வாரம் எங்கள் பெயரில் பட்டா வந்துவிட்டது, அவமதிப்பு வழக்கும் முடித்துவைக்கப்பட்டது. மேலே போயிருந்த ஃபைல் எப்படித்தான் இறங்கியதோ.

ஒரு ஸ்டார் ஏன் குறைந்தது என்றால், வக்கீல் போனை எடுக்கவே மாட்டார். குமாஸ்தாவோ பார்க்கும்போதெல்லாம் "அண்ணாச்சி, டைப்பிங் செலவு தனி" என்பார், ரசீது கேட்டால் சிரிப்பார். போவதானால் காலை ஒன்பதுக்குள் போங்கள், பத்துக்கு மேல் அவர் கோர்ட்டுக்குள் போய்விடுவார்.