16,000 ரூபாய் புரொஜெக்டரில் பி.சி.ஸ்ரீராம்

முப்பது வருடமாகக் கல்யாண வீடியோ எடுக்கிறேன். வீட்டுக்குப் புது டிவி வந்தால் முதலில் போட்டுப் பார்ப்பது 'நாயகன்'தான். கடையில் ஓட்டிக் காட்டும் கிளியும் பூவும் எந்தப் பெட்டியிலும் அழகாகத்தான் இருக்கும். அதில் ஒளிப்பதிவாளர் பி.சி.ஸ்ரீராம் வைத்த இருட்டு அப்படி எல்லாப் பெட்டிக்கும் அடங்காது.

போன மாதம் ஆன்லைனில் ஒரு எல்இடி புரொஜெக்டர் வாங்கினேன். கம்பெனி பெயர் வேண்டாம். ஃபோகஸ் தானாகச் சரியாகிறது. சத்தம் மட்டும் பழைய டேபிள் ஃபேன் மாதிரி.

'மௌன ராகம்' (1986) சுவரில் நூறு அங்குலத்துக்கு விரிந்தபோது, அந்த மழையைப் பார்த்து வீட்டில் எல்லோருக்கும் சந்தோஷம். அப்புறம் 'நாயகன்' (1987) போட்டேன், குட்டு உடைந்தது. அதில் பல இடங்களில் ஸ்ரீராம் முகத்தை முழுசாகக் காட்டவே மாட்டார். மேலேயோ ஓரத்திலோ ஒரு வெளிச்சம், கண்குழியில் நிழல், அவ்வளவுதான். தேசிய விருது வாங்கிய ஒளிப்பதிவு. இந்த மெஷினில் அந்த நிழலெல்லாம் சாம்பல் பூத்துக் கிடக்கிறது. வேலு நாயக்கர் பவுடர் அப்பிக்கொண்டு வந்த மாதிரி இருக்கிறார். பிரதியில் கோளாறோ என்று நண்பன் வீட்டு ஓஎல்இடி டிவியில் (ஒவ்வொரு புள்ளியும் தானே எரிந்து அணையும் திரை) அதையே ஓட்டினேன். கறுப்பு கறுப்பாகவே வந்தது.

விஷயம் இதுதான்: இந்த விலை மெஷின்களில் விளக்குக்கு முன்னால் நின்று படத்தை உருவாக்கும் எல்சிடி பேனல் வெளிச்சத்தை முழுசாக அடைக்காது, கசியும். வெள்ளைச் சுவர் அந்தக் கசிவையும் எடுத்துக் காட்டிவிடும். 'விவிட்' மோடை மாற்றி, பிரைட்னஸைக் குறைத்து, ஜன்னலுக்குப் போர்வை கட்டியதில் கொஞ்சம் தேறியது.

'அக்னி நட்சத்திரம்' (1988) பிழைத்துக்கொண்டது. பின்னாலிருந்து பாயும் வெளிச்சம், ஆஸ்பத்திரி கிளைமாக்ஸில் அணைந்து அணைந்து எரியும் விளக்கு, எல்லாம் பளிச்சென்று வந்தன. எனக்குத் தொழில் சொல்லிக்கொடுத்தவர் அந்தப் படத்தைப் பார்த்த நாளிலிருந்து மணப்பெண் தலைக்குப் பின்னால் ஒரு லைட் வைக்காமல் விட்டதில்லை. கொண்டை தீய்ந்துவிடும் என்று பெண் வீட்டார் கத்துவார்கள்.

கிரிக்கெட்டுக்கும் கார்ட்டூனுக்கும் தாராளமாக வாங்கலாம், ஐந்துக்கு மூன்று மார்க். ஸ்ரீராமே இயக்கி ஒளிப்பதிவும் செய்த 'குருதிப்புனல்' (1995) மட்டும் இதில் போட மனசு வரவில்லை. ஞாயிற்றுக்கிழமை நண்பன் வீட்டுக்குப் போகிறேன்.