சிம்ஸ் 4-இல் கொடி படரவிட்ட ஏழு வருடம்

வீடு கட்டி, அதில் மனிதர்களை வாழவைக்கிற சிம்ஸ் 4 வீடியோ கேமில் வீட்டுச் சுவரில் படர்கிற கொடி செடியே கிடையாது. அது சுவரில் மாட்டுகிற படம். தண்ணீர் கேட்காது, வளராது, காயாது. கடிகாரத்தையும் கண்ணாடியையும் ஆட்டம் எப்படி நடத்துகிறதோ அப்படித்தான் இதையும் நடத்துகிறது. இந்த ஒரு விஷயம் மண்டையில் ஏற எனக்கு இரண்டு வருடம் பிடித்தது. அதுவரை கொடியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தேன்.

2018 கடைசியில் ஆடத் தொடங்கினேன். ஆட்டத்து மனிதர்களான சிம்களை வளர்ப்பதில் எனக்கு அவ்வளவு ஆர்வம் இல்லை. என் சிம்கள் பாதி நாள் பட்டினிதான், நான் வீடு கட்டுகிற பில்ட் மோடில் ஜன்னல் மாற்றிக்கொண்டிருப்பேன். ஆனால் கட்டிய வீடெல்லாம் தீப்பெட்டி மாதிரி இருந்தது. கூரை போட இன்றுவரை எனக்குச் சரியாக வராது. ஒருநாள் ஒரு பக்கச் சுவர் முழுக்க ஐவி என்கிற படர்கொடியை அப்பினேன். தீப்பெட்டி மறைந்து, பழைய ஆங்கிலேய வீடு மாதிரி ஒன்று நின்றது. அப்போது பிடித்த பைத்தியம் இன்னும் விடவில்லை.

முதல் தகராறு ஜன்னலோடு வந்தது. ஒரு படத்தின் மேல் இன்னொரு படத்தை மாட்ட முடியாதது போல, ஜன்னல் மேல் கொடியை வைக்க ஆட்டம் சம்மதிக்காது. ஓரத்தில் கொண்டுபோனாலே சிவப்பாகிவிடும். நிஜக் கொடியின் அழகே ஜன்னல் சட்டத்தை எட்டிப் பார்க்கிற அந்த ரெண்டு இலைதானே? அதற்குச் சீட் வேண்டும், அதாவது ஆட்டத்தின் விதியைத் தளர்த்துகிற கட்டளை. கண்ட்ரோல், ஷிஃப்ட், சி மூன்றையும் சேர்த்து அழுத்தினால் மேலே ஒரு பெட்டி திறக்கும். அதில் ‘பிபி டாட் மூவ்ஆப்ஜெக்ட்ஸ்’ என்று ஆங்கிலத்தில் அடித்தால் எதன் மேலும் எதையும் வைக்கலாம். கூடவே ஆல்ட் விசையைப் பிடித்துக்கொண்டால் கட்டத்துக்குக் கட்டம் தாவாமல் நாம் நகர்த்துகிற இடத்தில் நிற்கும். ஆட்டத்தை மூடித் திறந்தால் சீட்டை மறுபடி அடிக்க வேண்டும். மறந்துவிட்டு, ஏன் வைக்க மாட்டேன் என்கிறது என்று அரை மணி நேரம் முழித்த நாட்கள் உண்டு.

அடுத்தது சுவரை இறக்கிப் பார்க்கும்போது. வீட்டுக்குள் நடப்பது தெரிய எல்லோரும் சுவரை இறக்கித்தான் ஆடுவோம். சுவர் இறங்கினால் அதில் மாட்டிய படமும் போகும், கொடியும் போகும். ஆக, மூன்று மணி நேரம் உட்கார்ந்து படரவிட்ட கொடியை ஆடுகிற நேரத்தில் பெரும்பாலும் பார்க்கவே மாட்டீர்கள். ஸ்கிரீன்ஷாட் எடுக்கிறவர்களுக்குத்தான் இந்த அலங்காரம் முழுசாகப் பலன் தரும். இதைத் தெரிந்துகொண்டே இறங்குங்கள்.

இதைவிட வேடிக்கை மாடி வீட்டில் நடக்கும். கீழ்த்தளத்துச் சுவரில் வைத்த கொடியைப் பெரிதாக்கி மாடி வரை ஏற்றியிருப்போம். முழு வீட்டையும் பார்க்கும்போது அருமையாக இருக்கும். கீழ்த்தளத்தை மட்டும் பார்க்கத் தளத்தை இறக்கினால் மாடிச் சுவர் மறைந்துவிடும், கொடியின் மேல் பாதி மட்டும் எதையும் பிடிக்காமல் காற்றில் நிற்கும். இதற்காகவே இப்போது தளத்துக்குத் தளம் தனித்தனிக் கொடி வைக்கிறேன். வேலை இரட்டிப்பு, ஆனால் பேய் வீடு ஆகாது.

பெரிதாக்குவது பற்றியும் சொல்ல வேண்டும். ஷிஃப்டோடு சதுர அடைப்புக்குறி விசையை அழுத்தினால் எந்தப் பொருளும் பெரிதாகும், சிறிதாகும். இரண்டு தடவை அழுத்தினால் ஒரே கொடி சுவரை நிரப்பிவிடுகிறதே என்று சந்தோஷப்பட்டேன். கிட்டே போய்ப் பார்த்தால், கொடி வளர்ந்த அளவுக்கு இலையும் வளர்ந்திருக்கிறது. ஒவ்வொரு இலையும் சிம்மின் முகத்தை மூடுகிற அளவு. கொடியை மட்டும் நீட்டு, இலையை விட்டுவிடு என்று சொல்ல வழியில்லை, படத்தைப் பெரிதாக்கினால் படத்தில் இருப்பதெல்லாம் பெரிதாகும். அதனால் இப்போது என் பழக்கம் தலைகீழ்: ஒரு படி சிறிதாக்கி, மூன்று நான்கை ஒன்றின் மேல் ஒன்று ஏற்றிவைப்பேன். இலை சின்னதாக, அடர்த்தி அதிகமாக, பார்க்க நெருக்கமாக இருக்கும்.

ஒன்றின் மேல் ஒன்று வைக்கும்போது இரட்டைப் பிள்ளைகள் தெரிந்துவிடும். சுவரில் மாட்டிய பொருளைச் சுழற்ற முடியாது. அதே வளைவு, அதே மூன்று இலைக் கொத்து, வலது பக்கம் அதே இடத்தில் நீட்டிக்கொண்டிருக்கும். ஒன்றை உயரத்தில், ஒன்றை இறக்கி, ஒன்றைச் சின்னதாக வைத்தால் கொஞ்சம் ஏமாற்றலாம். மிச்சத்தை ஜன்னல் கதவோ சுவர் விளக்கோ மறைத்துக்கொள்ளும். இன்னொன்று, கொடிக்கு அடி வேண்டும். பாதிச் சுவரில் தொடங்கும் கொடியைப் பார்த்தால் யாரோ எறிந்து ஒட்டிக்கொண்டது போல இருக்கும். அடியில் ஒரு சின்னப் புதரையோ மண் தொட்டியையோ வைத்து, கண்ட்ரோலோடு 0 அழுத்தித் தரையில் கொஞ்சம் புதைத்தால் கொடி அங்கிருந்து கிளம்பியதாக மனசு நம்பிவிடும். விஸ்டீரியா மாதிரி பூத்துத் தொங்குகிற வகைக்கு இது போதாது. ஐவி நிஜத்திலேயே சின்னச் சின்ன வேர்களால் வெறும் சுவரைப் பற்றி ஏறும். விஸ்டீரியா சுற்றிக்கொண்டு ஏறுகிற கொடி, கொழுகொம்பு இல்லாமல் நிற்காது. பக்கத்தில் ஒரு தூணோ மரச் சட்டமோ வைத்துவிட்டால் ஏன் என்று தெரியாமலே பார்ப்பவர்களுக்குச் சரியாகப் படுகிறது.

சுவர் முழுக்க அப்புவதை விட்டுப் பல வருடம் ஆகிறது. ஒரு மூலையில் தொடங்கி வாசலுக்கு மேல் ஒரு இழை, அவ்வளவுதான்.

எந்த பேக் (ஆட்டத்தோடு சேர்க்கத் தனியாக விற்கிற தொகுப்பு) வாங்கலாம் என்று கேட்பார்கள். எனக்குத் தெரிந்து கொடிக்காக மட்டும் ஒரு பேக் வாங்கத் தேவையில்லை. இருக்கிற பேக்குகளில் அங்கங்கே சிதறிக் கிடக்கும், தேடல் பெட்டியில் ஐவி, வைன் என்று ஆங்கிலத்தில் அடித்துப் பாருங்கள். 2021 ஜூலையில் வந்த காட்டேஜ் லிவிங், ஆங்கிலேயக் கிராம வீடு கட்டுகிறவர்களுக்குப் பொருத்தம், அதில் வருகிற ஹென்ஃபோர்டு ஊரில் வெறும் சுவரோடு ஒரு வீடு நின்றால்தான் ஆச்சரியம். அதே வருடம் வந்த ப்ளூமிங் ரூம்ஸ் கிட் என்கிற சின்னத் தொகுப்பு வீட்டுக்குள் வைக்கும் செடிகளுக்கு. 2022 அக்டோபரில் அடிப்படை ஆட்டம் இலவசமானபோது இறக்கிய என் அத்தை மகள் ஒரு ரூபாய் செலவழிக்காமல், ‘பிபி டாட் ஷோலைவ்எடிட்ஆப்ஜெக்ட்ஸ்’ சீட்டைப் போட்டு, ஊரின் பின்னணிக்காக வைத்த புதர்களையும் மரங்களையும் எடுத்து என்னைவிட அழகான தோட்டம் போட்டாள். அவற்றில் பெரும்பாலானவற்றுக்கு விலை பூஜ்யம். எனக்குக் கொஞ்சம் வயிற்றெரிச்சல்தான்.

சிசி (கஸ்டம் கன்டென்ட்) பக்கம் போனது 2020 ஊரடங்கில். ரசிகர்கள் செய்து தரும் கொடிகள் கொள்ளை அழகு. கணினியில் ஆடுகிறவர்களுக்கு மட்டும்தான், பிளேஸ்டேஷனிலும் எக்ஸ்பாக்ஸிலும் கிடையாது. இறக்கி மோட்ஸ் ஃபோல்டரில் போட வேண்டியதுதான். நானும் போட்டேன், போட்டேன், நாற்பது கொடி சேர்ந்தது. ஒன்றில் ஒவ்வொரு இலையையும் தனித்தனியாக வடித்திருந்தார்கள். அதை ஆறு இடத்தில் வைத்ததும் என் பழைய லேப்டாப் விசிறி மிக்ஸி மாதிரி இரைய, கேமராவைத் திருப்பினால் வீடு விட்டு விட்டு நகர்ந்தது. பிறகு புதுப்பிப்பு வரும்போதெல்லாம் இப்படி வெளியிலிருந்து போட்ட மோட்கள் தானாக அணைந்துவிடும், அமைப்புகளில் போய் மறுபடி இயக்கி, ஆட்டத்தை மூடித் திறக்க வேண்டும். பருவங்களைக் கொண்டுவருகிற சீசன்ஸ் பேக் போட்டபின் இன்னொரு கூத்து: வெளியே முழங்கால் அளவு பனி, நான் இறக்கிய விஸ்டீரியா மட்டும் ஊதாவாகப் பூத்துக் குலுங்குகிறது. ஐவி பனியிலும் பச்சையாக இருந்தால் மன்னிக்கலாம், நிஜத்திலும் அது இலை உதிர்க்காது. விஸ்டீரியாவை மன்னிக்க முடியவில்லை. நாற்பதில் இப்போது நான்கு மிச்சம்.

கட்டிய வீட்டை மற்றவர்களோடு பகிரும் கேலரியில் ஏற்றுகிறவர்கள் ஒன்று கவனியுங்கள். சிசி கொடி கூடவே போகாது. சிசி இல்லாவிட்டாலும், இறக்குகிறவர் அந்த மூவ்ஆப்ஜெக்ட்ஸ் சீட்டைப் போடாமல் வீட்டை வைத்தால் ஜன்னல் மேல் படர்ந்ததெல்லாம் காணாமல் போய்விடலாம். என் வீட்டை நானே இன்னொரு சேவில் (தனியாகச் சேமித்த ஆட்டத்தில்) இறக்கி, மொட்டைச் சுவரைப் பார்த்துக் கற்றுக்கொண்டது இது. விளக்கத்தின் முதல் வரியிலேயே சீட்டை எழுதிவிடுங்கள்.

கடைசியாக, பந்தல். எங்கள் வீட்டுக் கொல்லையில் இருந்தது போல ஒரு பீர்க்கம்பந்தல் போட வேண்டும் என்று ரொம்ப நாள் ஆசை. சுவர்க் கொடி உதவாது, சுவரில்லாமல் அது நிற்காது. நாலு தூண் நட்டு, புதர்களைக் கண்ட்ரோலோடு 9 அழுத்தித் தலைக்கு மேல் தூக்கிவைத்தேன். பார்க்கப் பந்தல் மாதிரியேதான் இருந்தது. ஆனால் சிம் கிட்டே வந்து நின்று, கையை ஆட்டிக் கத்தினாள். புதர் மேலே போனாலும் அது தரையில் அடைத்த இடம் அப்படியேதான் இருக்கிறது, அவளுக்கு வழியில்லை. அப்புறம் யோசித்து, தூண்களுக்கு மேல் மாடித்தளமாகத் தரை ஓடுகளை இடைவெளி விட்டுப் பரப்பி, புதர்களை அந்த மாடியில் வைத்து, 0 அழுத்தி இலை அடிப்பக்கம் எட்டிப் பார்க்கும் வரை புதைத்தேன். கீழே தாராளமாக நடக்கிறாள். கீழ்த்தளத்தை மட்டும் பார்த்தால் பந்தல் மறைந்துவிடும், அது இந்த ஆட்டத்தின் தலையெழுத்து.

அம்மாவைக் கூப்பிட்டுக் காட்டினேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு திரையை மேலும் கீழும் பார்த்தார். “நல்லாத்தான் இருக்கு. காய் எங்கடி?” என்றார்.

பச்சையாக, நீளமாகத் தொங்குகிற ஏதாவது சிசி கண்ணில் பட்டால் சொல்லுங்கள்.