முதுகில் 7 போட்ட செல்டிக் சட்டை: துணிக்கு முழு மார்க், சரித்திரத்துக்குப் பாதி

கிளாஸ்கோவின் செல்டிக் கால்பந்து அணி 1967-ல் லிஸ்பனில் ஐரோப்பியக் கோப்பையை ஜெயித்தபோது போட்டிருந்த சட்டையின் நகல் என்று சொல்லி விற்கிறார்கள். முழுக்கை, வட்டக் கழுத்து, பச்சையும் வெள்ளையுமாகக் குறுக்குப் பட்டை. முதுகில் ‘7’, அதற்கு மேலே ‘ஜான்ஸ்டன்’. நெஞ்சில் கிளப் சின்னம். பெட்டிக்குள், அந்த அணியில் ஆடிய ஜிம்மி ஜான்ஸ்டனின் வாழ்க்கைக் குறிப்பு அச்சடித்த அட்டை ஒன்று. விலை 40 பவுண்டுக்குக் கொஞ்சம் மேல். வாங்கியது ஓர் இணையக் கடையில். பெயர் வேண்டாம், இதே சரக்கைப் பல பேர் விற்கிறார்கள்.

கிளாஸ்கோவுக்கு வருவதற்கு முன்னால் திருப்பூரில் ஏற்றுமதி கம்பெனியில் செக்கிங் பிரிவில் இருந்தேன். அந்தப் பழக்கம் போகாது. எந்தச் சட்டை வாங்கினாலும் முதலில் உள்பக்கத்தை வெளியே திருப்பித் தையலைப் பார்த்துவிட்டுத்தான் போட்டுப் பார்ப்பேன். இதையும் அப்படித்தான் பார்த்தேன்.

துணி சுத்தமான காட்டன், நல்ல கனம். கையில் பிடித்தாலே சல்லாத்துணி இல்லை என்று தெரிகிறது. பட்டை பிரிண்ட் இல்லை, நூலிலேயே சாயம் ஏற்றி நிட்டிங்கில் கொண்டுவந்தது. உள்பக்கத்திலும் பச்சை அதே அழுத்தத்தில் இருப்பதை வைத்துச் சொல்கிறேன். பட்டை போட்ட சட்டையில் செக்கர் முதலில் பார்ப்பது சைடு தையலைத்தான். முன்பக்கப் பச்சை, பின்பக்கப் பச்சையோடு நேராகப் போய்ச் சேர வேண்டும். கட்டிங் மேசையில் துணி ஒரு நூல் நகர்ந்தாலும் பட்டை படிக்கட்டு மாதிரி ஏறி இறங்கும், பீஸ் ரிஜெக்ட். இந்தச் சட்டையில் இரண்டு பக்கமும் அக்குள் முதல் அடி மடிப்பு வரைக்கும் பட்டை பிசகவில்லை. கைப்பட்டையும் நெஞ்சுப்பட்டையும் ஒரே கோட்டில் நிற்கின்றன, அது இன்னும் கஷ்டமான வேலை. கழுத்து ரிப்பை, அதாவது கழுத்தைச் சுற்றி இழுபடும் பட்டையை, இழுத்து விட்டால் உடனே பழைய அளவுக்குத் திரும்புகிறது. தோள் தையலில் டேப் வைத்திருக்கிறார்கள். யாரோ பொறுப்பாக நின்று வேலை வாங்கியிருக்கிறார்கள்.

குளிர்ந்த தண்ணீரில் துவைத்தேன். பச்சை வெள்ளையில் இறங்கவில்லை. நீளத்தில் லேசாகச் சுருங்கியது, அகலத்தில் இல்லை. உயரமானவர்கள் ஒரு சைஸ் கூட்டி எடுத்துக்கொள்ளுங்கள்.

இனி முதுகுக்கு வருவோம். கீழ்வீட்டுப் பெரியவரிடம் சட்டையைக் காட்டினேன். சிறு வயதில் அப்பாவோடு போய் ஜான்ஸ்டன் ஆட்டத்தை நேரில் பார்த்தவர் அவர். முன்பக்கத்தைப் பார்த்துத் தலையாட்டினார். திருப்பிக் காட்டினேன், சிரித்துவிட்டார்.

அவர் சிரித்ததில் நியாயம் இருக்கிறது. 1967-ல் செல்டிக் சட்டையின் முதுகில் எண்ணே கிடையாது. பச்சை வெள்ளைப் பட்டையை எதுவும் மறைக்கக் கூடாது என்பது அந்த கிளப்பின் பிடிவாதம். 1960-லிருந்து எண்ணை ஷார்ட்ஸில்தான் போட்டார்கள். லிஸ்பன் படத்தைப் பார்த்தால் பெரிய எண் தொடைப் பக்கம் தெரியும், முதுகு சுத்தமாக இருக்கும். ஐரோப்பியப் போட்டிகளில் முதுகில் எண் வேண்டும் என்று 1975-ல் ஐரோப்பியக் கால்பந்து அமைப்பான யூஇஎஃப்ஏ கட்டாயப்படுத்தியது. உள்நாட்டு லீகில் 1994 வரைக்கும் இழுத்தடித்தார்கள். அப்போதும் முதலில் கையில் போட்டுப் பார்த்தார்கள், அது செல்லாது என்று லீக் சொன்ன பிறகுதான் முதுகுக்கு வந்தது. நெஞ்சில் இருக்கும் சின்னமும் அப்படித்தான். சட்டையில் சின்னம் ஏறியது 1977-ல். அதற்குள் ஜான்ஸ்டன் கிளப்பை விட்டுப் போய் இரண்டு வருஷம் ஆகிவிட்டது.

ஆக, ஜான்ஸ்டன் பேரைச் சொல்லி விற்கும் சட்டையில் அவர் லிஸ்பனில் போட்டே இராத இரண்டு சங்கதிகளைச் சேர்த்திருக்கிறார்கள். அதற்குத் தனியாகக் காசும் வாங்குகிறார்கள். அந்த எண்ணும் நல்ல எண் இல்லை. சட்டை முழுக்க நூலிலேயே பின்னிய பட்டை, அதன்மேல் இஸ்திரிச் சூட்டில் ஒட்டிய பிளாஸ்டிக் ஃபிலிம். ஒரு துவைப்பிலேயே 7-ன் கீழ்முனை லேசாகத் தூக்கிவிட்டது. எங்கள் டேபிளில் இதை ஓரமாக எடுத்து வைத்திருப்போம்.

சரி, ஏன் 7? வலது ஓரத்தில் ஆடுகிற விங்கரின் எண் அது. பந்தை வாங்கி, கோட்டோரமாகவே கொண்டுபோய், எதிரே வரும் டிஃபெண்டரை ஏமாற்றிவிட்டு, கோலுக்கு முன்னால் இருக்கும் பெனால்டி பெட்டிக்குள் பந்தைத் தள்ளுவது விங்கர் வேலை. ஜான்ஸ்டன் ஒரே ஆளை ஏமாற்றிவிட்டு நிற்க மாட்டார். ஏமாந்தவன் எழுந்து வரும்வரை காத்திருந்து மறுபடியும் ஏமாற்றுவார். ஐந்தடியைக் கொஞ்சம் தாண்டிய உயரம், செம்பட்டை முடி, இடுப்பை வளைத்து நெளிந்து போகிற ஓட்டம். ஆங்கிலத்தில் ‘ஜிங்க்’ என்றால் நெளிந்து விலகுவது, அதனால்தான் ‘ஜிங்கி’ என்று பட்டப்பெயர்.

பெட்டியில் வந்த அட்டை இதையெல்லாம் எப்படிச் சொல்கிறது என்று ஆசையாகப் படித்தேன். பிறந்தது 1944, லிஸ்பன் வெற்றி 1967, அதே வருஷம் ஐரோப்பாவின் சிறந்த வீரருக்கான பாலோன் டோர் தேர்தலில் மூன்றாம் இடம், 2002-ல் ரசிகர்கள் தேர்ந்தெடுத்த செல்டிக்கின் தலைசிறந்த வீரர். அவ்வளவுதான். தகவலில் தப்பு இல்லை. ஃப்ளோரியன் ஆல்பர்ட்டும் பாபி சார்ல்டனும் மட்டுமே அந்த வருஷம் அவருக்கு மேலே. ஆனால் மூன்று பட்டம் எழுதிவிட்டால் ஒரு மனுஷன் வந்துவிடுவானா?

கிளாஸ்கோவுக்குப் பக்கத்தில் வ்யூபார்க் என்கிற ஊர், சுரங்கத் தொழிலாளியின் மகன். இங்கிலாந்தின் பேர்பெற்ற விங்கர் ஸ்டான்லி மாத்யூஸை மனசில் வைத்துக்கொண்டு வீட்டில் பால் பாட்டில்களை வரிசையாக நிறுத்தி, இடையில் பந்தை உருட்டிப் பழகியவர். கால் உரம் ஏற வேண்டும் என்று அப்பாவின் சுரங்க பூட்ஸை மாட்டிக்கொண்டு ஓடுவார். செல்டிக் மைதானத்தில் பந்து பொறுக்கிப் போடும் பையனாகவும் இருந்தார். 1963 மார்ச்சில் முதல் ஆட்டம், கில்மார்னக்கிடம் 6-0 தோல்வி. இந்த ஒரு வரியை அட்டையில் சேர்த்திருக்கலாம். படிக்கிற பொடியன்களுக்குத் தெம்பாக இருந்திருக்கும்.

1965-ல் ஜாக் ஸ்டீன் மேனேஜராக வந்த பிறகு எல்லாம் மாறியது. லிஸ்பனில் இன்டர் மிலானை 2-1 என்று ஜெயித்த பதினோரு பேரும் செல்டிக் மைதானத்திலிருந்து 30 மைல் சுற்றளவுக்குள் பிறந்தவர்கள். அந்தக் கோப்பையை ஜெயித்த முதல் பிரிட்டிஷ் கிளப் அதுதான். ஆட்டம் முடிந்ததும் கூட்டம் மைதானத்துக்குள் இறங்கிவிட, கேப்டன் பில்லி மெக்நீல் மட்டும்தான் போய்க் கோப்பை வாங்கினார். கொஞ்ச நாளிலேயே மாட்ரிட்டில், ரியல் மாட்ரிட்டின் பழைய நட்சத்திரம் டி ஸ்டெஃபானோவுக்கான மரியாதை ஆட்டம். ரியல் மாட்ரிட்டை அவர்கள் ஊரிலேயே 1-0 என்று தோற்கடித்தார்கள். சக வீரர் லெனக்ஸ் போட்ட அந்தக் கோலுக்குப் பந்து கொடுத்தது ஜான்ஸ்டன். அவர் பந்தைத் தொடும்போதெல்லாம் ஸ்பானிஷ் கூட்டம் ‘ஓலே’ என்று கத்தியது.

எனக்கு மிகவும் பிடித்தது 1968 நவம்பர் கதை. ஜான்ஸ்டனுக்கு விமானம் என்றால் நடுக்கம். பெல்கிரேடின் ரெட் ஸ்டார் அணியோடு ஐரோப்பியக் கோப்பையில் இரண்டு ஆட்டம், கிளாஸ்கோவில் முதல் ஆட்டம், இடைவேளையில் 1-1. நாலு கோல் வித்தியாசத்தில் ஜெயித்துக் கொடு, அடுத்த ஆட்டத்துக்கு பெல்கிரேடுக்கு நீ பறக்க வேண்டாம் என்று ஸ்டீன் வாக்குக் கொடுத்தார். இரண்டாம் பாதியில் ஜான்ஸ்டனே இரண்டு கோல் போட்டார், மற்றவர்களுக்கும் பந்தைத் தட்டில் வைத்துக் கொடுத்தார். 5-1. இனிமேல் பறக்க வேண்டாம் என்று மைதானத்திலேயே குதித்தாராம். பெல்கிரேடில் அவர் இல்லாமல் 1-1 என்று டிரா செய்துவிட்டு வந்தார்கள். ஸ்டீனைவிட ஆள் தெரிந்து வேலை வாங்கிய சூப்பர்வைசரை நான் எந்தக் கம்பெனியிலும் பார்த்ததில்லை.

1970 ஏப்ரலில் கிளாஸ்கோவின் ஹாம்ப்டன் பார்க்கில், இங்கிலாந்தின் லீட்ஸ் அணியோடு ஐரோப்பியக் கோப்பை அரையிறுதி, 1,36,505 பேர் கூட்டம். இங்கிலாந்து அணிக்கு ஆடிய டெர்ரி கூப்பர்தான் ஜான்ஸ்டனைப் பிடிக்க வேண்டிய ஆள், அன்றைக்கு ராத்திரி அவர் பட்ட பாடு கொஞ்சநஞ்சமில்லை. செல்டிக்கின் மர்டோக் போட்ட வெற்றி கோலுக்குப் பந்து ஜான்ஸ்டனிடமிருந்துதான் வந்தது. கீழ்வீட்டுப் பெரியவர் அந்த ஆட்டத்தைச் சொல்ல ஆரம்பித்தால் உட்கார்ந்த இடத்திலேயே இடுப்பை ஆட்டிக் காட்டுவார். இறுதியாட்டத்தில் ஃபெயனூர்டிடம் தோற்றார்கள் என்பதை மட்டும் வேகமாகச் சொல்லிக் கடந்துவிடுவார்.

1974-ல் நடந்ததுதான் எனக்கு ஆறவே மாட்டேன் என்கிறது. ஐரோப்பியக் கோப்பை அரையிறுதிக்கு அத்லெடிகோ மாட்ரிட் கிளாஸ்கோவுக்கு வந்து பந்தைவிட ஜான்ஸ்டன் காலைத்தான் அதிகம் உதைத்தது. அவர்களில் மூன்று பேரை ரெஃப்ரி வெளியே அனுப்பினார், இருந்தும் 0-0. மாட்ரிட்டில் நடந்த இரண்டாவது ஆட்டத்துக்கு முன்னால் ஜான்ஸ்டனுக்குக் கொலை மிரட்டல் வந்தது. நீயாவது ஓடிக்கொண்டே இருப்பாய், நான் ஒரே இடத்தில் உட்கார்ந்திருக்க வேண்டுமே என்று ஸ்டீன் தேற்றியதாகச் சொல்வார்கள். அங்கே 2-0 என்று தோல்வி.

அடுத்த மாதமே லார்க்ஸ் கடற்கரைக் கூத்து. ஸ்காட்லாந்து அணி தங்கியிருந்த இடத்தில், ராத்திரி நன்றாக ஏற்றிக்கொண்ட ஜான்ஸ்டன் ஒரு சின்னப் படகில் ஏறினார். படகு கடலுக்குள் நகர்ந்துவிட்டது. கடலோரக் காவல்காரர்கள் போய்க் கூட்டி வந்தார்கள். பத்திரிகைகள் கிழித்தெடுத்தன. சில நாளில் ஹாம்ப்டனில் இங்கிலாந்தை 2-0 என்று ஜெயித்ததும், பத்திரிகையாளர்கள் இருந்த பக்கம் திரும்பி, அந்த ஊரில் வசவுக்குச் சமமான இரண்டு விரல் சைகையைக் காட்டினார். அந்த வருஷம் உலகக் கோப்பைக்கு ஜெர்மனி வரைக்கும் போயும் ஓர் ஆட்டத்தில்கூட இறக்கவில்லை. இவ்வளவு திறமைக்கு நாட்டுக்காக ஆடியது மொத்தம் 23 ஆட்டம்தான்.

1975-ல் செல்டிக் விடுவித்தது. அப்புறம் அமெரிக்காவில் சான் ஹோசே, ஷெஃபீல்ட் யுனைடெட், டண்டீ, அயர்லாந்தில் ஷெல்போர்ன், கடைசியாக எல்ஜின் சிட்டி. எங்கேயும் பழைய ஜிங்கி திரும்பவில்லை, குடியும் விடவில்லை. ஆட்டத்தை விட்ட பிறகு லாரி ஓட்டினார், கட்டட வேலைக்குப் போனார். 2001-ல், தசைகளைப் படிப்படியாக முடக்கும் மோட்டார் நியூரான் நோய் என்று கண்டுபிடித்தார்கள். அந்தக் கால்களுக்கு அந்த நோய்! 2006 மார்ச் 13-ல் போய்விட்டார். அதே வாரம் நடந்த லீக் கோப்பை இறுதியாட்டத்தில் செல்டிக் வீரர்கள் எல்லாருமே 7-ஐத் தாங்கி ஆடி, டன்ஃபெர்ம்லினை 3-0 என்று ஜெயித்தார்கள்.

இதில் பாதியைக்கூட அந்த அட்டையில் போடவில்லை. பின்பக்கம் முழுக்க வெற்றிடம், நடுவில் கடையின் முத்திரை. அதை எடுத்துவிட்டு ரெட் ஸ்டார் கதையைப் போட இடம் தாராளமாக இருக்கிறது.

வாங்கலாமா என்றால், வாங்கலாம். ஆனால் எண்ணும் பெயரும் இல்லாமல் கேளுங்கள். ஆர்டர் பக்கத்தில் அந்த வசதி இருக்கிறது, சில பவுண்டு விலையும் குறைகிறது. சின்னம் இல்லாத பீஸ் அந்தக் கடையில் இல்லை. வேறு கடைகளில் தேடினால் கிடைக்கும், ஆனால் அங்கே பட்டை பிரிண்டா பின்னியதா என்று கேட்டுவிட்டுக் காசு கட்டுங்கள், போட்டோவில் தெரியாது. எண் ஏற்கெனவே ஒட்டியதை வாங்கிவிட்டவர்கள் உள்பக்கத்தை வெளியே திருப்பித்தான் துவைக்க வேண்டும், டிரையரில் போடவே கூடாது. அந்த எண் மேல் இஸ்திரிப் பெட்டியும் படக் கூடாது. ஷார்ட்ஸ் தனியாக விற்கிறார்கள், அதையும் பார்த்தேன். அதில் எண்ணே இல்லை.