கனவைத் திருப்பித் தருவதாக விற்கப்படும் வளையம்: இரண்டு ட்ரீம் கேட்சர்கள், ஒரு மதிப்பீடு

அமெரிக்காவின் மின்னசோட்டா மாநிலத்துக்கு நாங்கள் குடிவந்த மூன்றாம் குளிர்காலத்தில், ஆறு வயதான என் மகள் அதிகாலை நான்கு மணியளவில் அலறி எழுவது வழக்கமாகிவிட்டது. ஊரிலிருந்து பேசிய என் தாயார், நெற்றியில் திருநீறு பூசிப் படுக்கவைக்கும்படி சொன்னார். அதையும் செய்துகொண்டிருந்த நாட்களில்தான், நெடுஞ்சாலை ஓரத்துப் பரிசுப்பொருள் கடை ஒன்றில் 12 டாலர் கொடுத்து முதல் ட்ரீம் கேட்சரை, அதாவது நடுவில் நூல் வலை பின்னி இறகு தொங்கவிட்ட வளையத்தை, வாங்கினேன். விரும்பிய கனவை வரவழைக்கும், பிடித்த கனவை மறுநாளும் காட்டும் மந்திரச் சின்னம் என்று அதன் அட்டையில் அச்சிட்டிருந்தார்கள்.

பொருளைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன். எட்டு அங்குல இரும்பு வளையத்தின்மேல் வெல்வெட் நாடாவைச் சுற்றி, அதன் நுனியைப் பசையால் ஒட்டியிருந்தார்கள். ஹீட்டரின் உலர்ந்த காற்றில் ஒரே மாதத்தில் பசை விட்டுப்போய், நாடா சுருள் சுருளாகத் தொங்கியது. சிவப்புச் சாயம் ஏற்றிய இறகை மகள் ஈரக்கையால் தொட்டுவிட்டாள். அந்தச் சாயம் அவள் விரலிலிருந்து தலையணை உறைக்குப் போனது, இன்றுவரை போகவில்லை. எந்த மக்களின் மரபு என்பதை அட்டை பெருமையாகச் சொன்னதே தவிர, செய்தவர் யார் என்ற குறிப்பு எங்குமே இல்லை.

அட்டையின் வாசகத்தை நம்பி வாங்குபவர்கள், இந்தப் பொருளின் மூலத்தை அறிந்துகொள்வது நல்லது. இது வட அமெரிக்காவின் ஐம்பேரேரிகளைச் சுற்றி வாழும் ஓஜிப்வே என்ற பூர்வகுடி மக்களுடையது. அவர்கள் மொழியில் இதற்கு வழங்கும் அசபிகேஷீன் என்ற சொல்லுக்குச் சிலந்தி என்பதே பொருள். பூர்வகுடியினரின் பண்பாட்டை ஆராய்ந்த ஃபிரான்சஸ் டென்ஸ்மோர் 1929-இல் வெளியிட்ட ஆய்வில், குழந்தையைக் கட்டிச் சுமக்கும் தொட்டில் பலகையில் தலைக்குமேல் இருக்கும் வளைவில், மூன்றரை அங்குல அளவிலான இத்தகைய வலைகளை இரண்டாகத் தொங்கவிடுவார்கள் என்று பதிவு செய்திருக்கிறார். முற்காலத்தில் காஞ்சொறி வகைச் செடியின் நாரால் பின்னப்பட்ட அந்த வலை, சிலந்தி வலை பூச்சியைப் பிடிப்பதுபோலக் காற்றில் வரும் தீங்கைப் பிடித்துக்கொள்ளும் என்பது நம்பிக்கை. நம் வீடுகளில் கைக்குழந்தைக்கு வசம்பு வளையல் கட்டுவதும் இதுபோன்ற கவலையில்தானே. கெட்ட கனவு வலையில் சிக்கி விடியல் வெளிச்சத்தில் அழியும், நல்ல கனவு இறகு வழியே உறங்குபவரிடம் இறங்கும் என்பது இன்று பரவலாகச் சொல்லப்படும் கதை. இந்த இரண்டில் எதை எடுத்துக்கொண்டாலும், வலை வடிகட்டும் பொருளே தவிர, சேமித்து வைத்துத் திருப்பித் தரும் பொருள் அன்று. கனவை மீண்டும் காட்டும் என்பது அட்டை அச்சிட்டவரின் சொந்தச் சரக்கு.

இரண்டாவது வளையத்தை மினியாபொலிஸிலிருந்து வடக்கே ஏறத்தாழ 100 மைல் தொலைவிலுள்ள மில் லேக்ஸ் ஏரிப் பகுதியில், ஓஜிப்வே கைவினைஞர் ஒருவர் செய்ததாக அவர் பெயருடன் விற்கப்பட்டதைப் பார்த்து வாங்கினேன். பூர்வகுடியினர் செய்யாத பொருளை அவர்கள் செய்ததாகச் சொல்லி விற்பது அமெரிக்காவில் 1990-ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றம் என்பதால், பெயர் எழுதிய அந்தச் சிறு சீட்டு வெறும் அலங்காரம் அன்று. விலை முதல் வளையத்தைப்போல் நான்கு மடங்கு. அளவோ உள்ளங்கையைவிடச் சற்றே பெரியது.

வித்தியாசம் வலையில்தான் இருக்கிறது. வில்லோ மரக் கொம்பைப் பச்சையாக வளைத்துக் கட்டியிருப்பதால் வளையம் முழு வட்டமாக இல்லை. அதைக் குறை என்று நான் எண்ணவில்லை. நூலை வளையத்தின்மேல் சுற்றி, அதே நூலுக்குள் நுழைத்து இழுத்து முதல் சுற்று முடிந்தபின், நூல் மறுபடி வளையத்தைத் தொடுவதே இல்லை. முந்தைய சுற்றின் ஒவ்வோர் இழைக்கும் நடுவில் நுழைந்து இழுபட்டு, கண்ணிகள் உள்நோக்கிச் சிறுத்துக்கொண்டே போய், நடுவில் ஒரு துளையில் முடிகின்றன. ஓர் இழையை விரலால் சுண்டினால் வலை முழுவதும் அதிர்கிறது. முதல் வளையத்தில் சுண்டிய இழை மட்டும் தொய்ந்து தொங்கியது.

சரி, கனவு என்னவாயிற்று என்று கேட்பீர்கள். கனவு மிகுதியாக வரும் உறக்கநிலை ஏறத்தாழ 90 நிமிடத்துக்கு ஒருமுறை திரும்பத் திரும்ப வருவதும், விடியலை நெருங்க நெருங்க அதன் நேரம் நீள்வதும் எல்லோருக்கும் இயல்பு. அதை எந்த வளையமும் மாற்றுவதில்லை. கெட்ட கனவின் முடிவைப் பகலிலேயே மாற்றிக் கற்பனை செய்து பழகும் முறை ஒன்று சிகிச்சையில் இருப்பதாகக் குழந்தைகள் மருத்துவர் சொன்னார். அதன்படி மகள் தன்னைத் துரத்தும் நாயைப் படம் வரைந்து, அதன் வாயை இந்த வலையால் கட்டினாள். காலையில் எழுந்ததும் அசையாமல் வலையைப் பார்த்தபடியே கனவைச் சொல்ல வேண்டும் என்பது எங்கள் வீட்டு ஏற்பாடு. எழுந்த உடனே சொல்லாவிட்டால் கனவு நழுவிவிடும் அல்லவா. ஆறேழு வாரங்களில் அலறல் வெகுவாகக் குறைந்தது. அதில் வளையத்துக்கு எவ்வளவு பங்கு, படத்துக்கு எவ்வளவு பங்கு, திருநீற்றுக்கு எவ்வளவு பங்கு என்று நான் பிரித்துச் சொல்லப்போவதில்லை.

கனவை ஆள ஒரு கருவி வேண்டும் என்பவர்கள் இரண்டையுமே வாங்க வேண்டாம். குழந்தையின் படுக்கைக்குமேல், கைக்கு எட்டாத உயரத்தில், காலை வெயில் படும் சன்னலருகே நல்ல கைவேலைப்பாடு ஒன்று தொங்கட்டும் என்று நினைப்பவர்களுக்கு இரண்டாவதைத் தயங்காமல் பரிந்துரைப்பேன். காரின் கண்ணாடியில் மட்டும் மாட்டாதீர்கள். ஓட்டுநரின் பார்வையை அது மறைக்கக்கூடும். நாடா அவிழ்ந்த முதல் வளையம் இப்போது வண்டிக் கொட்டகையில் தோட்டக் குழாய்ச் சுருளைத் தாங்கிக்கொண்டிருக்கிறது. இரும்பு என்பதால் அந்த வேலையைக் குறையின்றிச் செய்கிறது.