சுரத்துக்குக் கட்டுப்படும் காலம்: மேஜோராஸ் மாஸ்க்

2000ஆம் ஆண்டில் நின்டெண்டோ 64 கருவிக்கு வந்த இந்த செல்டா வரிசை வீடியோ விளையாட்டில், டெர்மினா உலகின் காலத்தை ஆள்வது ஒக்கரினா என்ற ஊதுகருவியின் இசைதான். அந்த உலகின் மேல் நிலா விழ மூன்றே நாள். நம் கணக்கில் 54 நிமிடம்.

காலப் பாடலை வாசித்தால் முதல் நாள் விடியலுக்குத் திரும்பலாம். அதையே தலைகீழாக வாசித்தால் நேரம் மெதுவாக நகரும். ஒவ்வொரு சுரத்தையும் இருமுறை வாசித்தால் அடுத்த விடியலுக்கோ அந்திக்கோ தாவும். எவ்வளவு அழகான இலக்கணம்!

திரும்பும்போது கையிலுள்ள பணமும் அம்புகளும் போய்விடும். வங்கியில் போட்ட பணம் மட்டும் நிற்கும். விளையாட்டின் மைய ஊரான கடிகார நகரத்தின் உற்சாக மெட்டு நாளுக்கு நாள் வேகம் கூடுவதைக் கேளுங்கள். மூன்றாம் நாள் அதே மெட்டு பதற்றமாகிவிடுகிறது, அதற்காகவே வாங்கலாம்.

2015இல் நின்டெண்டோவின் 3டிஎஸ் கையடக்கக் கருவிக்கு வந்த பதிப்பில், எத்தனை மணிக்குத் தாவுவது என்பதை நாமே தேர்ந்தெடுக்கலாம். வசதிதான், எனக்கென்னவோ பழைய கறார்தான் பிடித்திருக்கிறது.