குதிரைமுகமா, குமார பர்வதமா?

அண்ணன் மகள் வேலை கிடைத்து பெங்களூருக்கு வந்து மூன்று மாதம் ஆகிறது. போன வாரம் அல்சூரில் எங்கள் வீட்டுக்குச் சாப்பிட வந்தவள், "சித்தப்பா, ஒரே ஒரு சனி, ஞாயிறுதான் இருக்கிறது. குதிரைமுகம் போகவா, குமார பர்வதம் போகவா?" என்று கேட்டாள். கர்நாடகத்தின் மேற்குத் தொடர்ச்சி மலையில் உள்ள இந்த இரண்டு சிகரங்களிலும் ஏறி இறங்கியவன் நான். அவளுக்குச் சொன்னதைச் சற்று விரித்து எழுதுகிறேன்.

முள்ளய்யனகிரியை முதலிலேயே தள்ளிவைத்துவிடலாம். கர்நாடகத்தின் மிக உயரமான சிகரம் அதுதான். ஆனால் உச்சிக்குப் பக்கம் வரை வண்டி போகிறது, மிச்சம் படிக்கட்டு. நடக்க வருகிறவர்களுக்கு அது போதாது.

குமார பர்வதம் 1,712 மீட்டர், குதிரைமுகம் ஏறத்தாழ 1,890 மீட்டர். இந்த எண்களைப் பார்த்துக் குதிரைமுகம்தான் கடினம் என்று பலர் முடிவு கட்டிவிடுகிறார்கள். எங்கிருந்து ஏறுகிறோம் என்பதையும் பார்க்க வேண்டும். குமார பர்வதத்தின் அடிவாரமான குக்கே சுப்ரமண்யா கடல் மட்டத்திலிருந்து நூற்றுச் சொச்சம் மீட்டரில்தான் இருக்கிறது. ஆக, ஏறக்குறைய 1,600 மீட்டரையும் காலால்தான் ஏறித் தீர்க்க வேண்டும். குதிரைமுகத்துக்கு அப்படி இல்லை. களசா என்ற ஊருக்குப் பக்கம் பாளேகல்லில் இறங்கி, ஜீப்பில் குலுங்கிக் குலுங்கி முள்ளோடி கிராமம் போய்ச் சேர்ந்தாலே பாதி உயரம் வந்துவிடும். அங்கிருந்து போகவர 18 முதல் 20 கிலோமீட்டர். ஓடைகளைத் தாண்டி, ஒண்டிமரம் என்ற தனிமரத்தைக் கடந்து, புல்மேடுகளின் முதுகில் ஏறிப் போகும் பாதை. செங்குத்தான இடங்கள் உண்டு, ஆனால் மூச்சு வாங்கி நிற்கச் சமதளமும் அடிக்கடி வரும்.

குமார பர்வதம் அவ்வளவு சலுகை தராது. குக்கேயிலிருந்து பட்டர மனை என்ற வழியோர வீடு வரை வேர்களும் கற்களும் நிறைந்த காட்டு ஏற்றம். அதன் பிறகு நிழலே இல்லாத புல்வெளி. சேஷ பர்வதத்தில் ஏறி முடித்ததும் வந்துவிட்டோம் என்று மனம் துள்ளும். ஆனால் அங்கிருந்து ஒரு சோலைக்குள் இறங்கி, ஈரப் பாறையில் கைவைத்து மறுபடி ஏற வேண்டும். போகவர 25 கிலோமீட்டருக்கு மேல். இறக்கத்தில் என் இடது முழங்கால் பிடித்துக்கொண்டு, கடைசி ஐந்து கிலோமீட்டரை மூன்று மணி நேரம் நடந்தேன். நண்பர் கைத்தடி ஒடித்துக் கொடுத்ததால்தான் ஊர் வந்து சேர்ந்தேன்.

இருந்தாலும் தமிழர்களுக்கு அந்த மலைமேல் தனிப் பிரியம். தாரகனை வதைத்துவிட்டுக் குமரன் வந்து தங்கிய மலை அது. தெய்வானைத் திருமணம் திருப்பரங்குன்றத்தில் நடந்தது என்பது நம் மரபு. குக்கேயில் கேட்டால் குமாரதாரா நதிக்கரையில் நடந்தது என்பார்கள். என் அம்மா இரண்டுக்கும் சேர்த்தே கும்பிட்டுக்கொள்வார். முருகனை நினைத்து ஏறுகிறவர்களை நான் தடுக்க மாட்டேன். ஆனால் முதல்நாளே குக்கே போய், இரவு நன்றாகத் தூங்கி, விடியலில் ஏறத் தொடங்குங்கள். இரவு பஸ்ஸிலிருந்து இறங்கியதும் நேரே இவ்வளவு பெரிய ஏற்றத்தில் கால்வைப்பது உடம்புக்குச் செய்யும் கொடுமை.

என் மனம் சாய்வது குதிரைமுகத்தின் பக்கம். அதற்குக் காரணம் அழகு மட்டும் அல்ல. குமார பர்வதம் புஷ்பகிரி வனவிலங்குச் சரணாலயத்தில் இருக்கிறது. குதிரைமுகமோ 1987இல் அறிவிக்கப்பட்ட, ஏறத்தாழ 600 சதுர கிலோமீட்டர் தேசியப் பூங்கா. சிங்கவால் குரங்குகள் வாழும் காடு. துங்கா, பத்ரா, நேத்ராவதி மூன்றும் பிறப்பது இந்த மலைத்தொடரில்தான். இதே மலையில்தான் பல்லாண்டுகள் இரும்புத்தாதுச் சுரங்கமும் நடந்தது. வெட்டிய தாதை நீரில் கரைத்துக் குழாய் வழியே மங்களூருத் துறைமுகத்துக்கு அனுப்பினார்கள். மிஞ்சிய கழிவுச் சேறு லக்யா அணைக்குள் இன்றும் கிடக்கிறது. உச்ச நீதிமன்றம் 2002இல் இட்ட ஆணையால் 2005 கடைசியோடு சுரங்கம் நின்றது. மழை முடிந்த செப்டம்பர், அக்டோபரில் அந்தப் புல்வெளியில் நின்று, பள்ளத்தாக்கிலிருந்து மேகம் ஏறி வருவதைப் பார்க்கும்போது, இது தப்பிப் பிழைத்த மலை என்ற எண்ணத்தில் எனக்குத் தொண்டை அடைத்துக்கொள்ளும்.

அட்டைக்கடி இரண்டு இடத்திலும் உண்டு. உப்பு முடிச்சு ஒன்றை மறக்காமல் எடுத்துச் செல்லுங்கள். கோடையில் காட்டுத்தீக்குப் பயந்து வனத்துறை பாதைகளை மூடிவிடும். 2024 குடியரசு நாள் விடுமுறையில் குமார பர்வதத்தில் திரண்ட கூட்டத்துக்குப் பிறகு, முன்பதிவு இல்லாமல் ஏற முடியாது என்றாகிவிட்டது. குதிரைமுகத்திலும் நாளொன்றுக்கு இத்தனை பேர்தான் என்ற வரம்பு உண்டு. இரவில் மலைமேல் தங்க முடியாது.

அண்ணன் மகளுக்குக் குதிரைமுகத்தைத்தான் சொன்னேன். வெள்ளி இரவு பெங்களூரு மெஜஸ்டிக் பஸ் நிலையத்திலிருந்து களசா பஸ். சனிக்கிழமை ஏறி இறங்கி களசாவிலேயே தூக்கம். குமார பர்வதத்துக்கு அடுத்த வருடம் பார்க்கலாம். அதற்குள் அவள் வாரம் இரண்டு நாள் லால்பாக் பாறை மீதாவது ஏறிப் பழக வேண்டும் என்று கேட்டிருக்கிறேன்.